பாறையில் அழிந்தது, மரபணுவில் மிஞ்சியது

ஏறத்தாழ 1,25,000 ஆண்டுகளுக்கு முன்பு கடல்மட்டம் இன்றைய மட்டத்தைவிட 5 முதல் 10 மீட்டர் வரை உயர்ந்திருந்தது. கடைசிப் பனியுகத்துக்கு முந்தைய வெப்பகாலம் அது. அப்போதைய உலகச் சராசரி வெப்பநிலை, தொழிற்புரட்சிக்கு முந்தைய அளவைவிட 0.5 முதல் 1.5 டிகிரி செல்சியஸ் வரைதான் கூடுதல். சீஷெல்ஸ் தீவுகளிலும் ஆஸ்திரேலியாவின் மேற்குக் கரையிலும், இன்றைய அலை எட்டாத உயரத்தில், பழைய பவளங்கள் பாறையோடு ஒட்டி நிற்கின்றன. பவளம் நீருக்குள் மட்டுமே வளரும். அதன் கூட்டில் உள்ள யுரேனியத்தையும் தோரியத்தையும் அளந்தால் அது வாழ்ந்த காலம் தெரிந்துவிடும். ஆகவே கடல் அவ்வளவு உயர்ந்திருந்தது என்பதில் ஐயம் இல்லை.

அந்தத் தண்ணீர் எங்கிருந்து வந்தது என்பதுதான் நெடுங்காலம் விடை கிடைக்காமல் இருந்த கேள்வி. கிரீன்லாந்துப் பனியின் ஒரு பகுதி உருகியது. ஆனால் அது மட்டும் போதாது. மலைப் பனியாறுகள் உருகியதையும், சூடான கடல்நீர் விரிவடைந்ததையும் சேர்த்தாலும் கணக்கு நிரம்பாது. எனவே சந்தேகம் மேற்கு அண்டார்டிகாவின் பனிப்படலத்தின் மேல் விழுந்தது. அந்தப் பனியின் அடித்தளம் பெரும்பாலும் கடல்மட்டத்துக்குக் கீழே இருக்கிறது. சூடான கடல்நீர் அடியில் புகுந்தால் அது நிலைகுலையும் என்று ஜான் மெர்சர் என்ற நிலவியல் அறிஞர் 1978-லேயே 'நேச்சர்' இதழில் எச்சரித்தார்.

சந்தேகம் இருந்தது, சான்று இல்லை. பனிப்படலம் ஒருமுறை கரைந்து மீண்டும் வளர்ந்தால், வளரும்போது அடித்தரையைச் சுரண்டிக்கொண்டே நகரும். முன்பு அங்கே கடல் இருந்ததற்கான படிவுகளை அதுவே அழித்துவிடும். அழியாமல் எஞ்சியவற்றைத் தேட வேண்டுமென்றால் கிலோமீட்டர் கணக்கில் தடித்த பனியைத் துளைக்க வேண்டும். பாறையைப் படித்துப் பழகிய அறிவியலுக்கு அந்த இடத்தில் படிக்கப் போதுமான பாறை கிடைக்கவில்லை.

விடை உயிரியலிலிருந்து வந்தது.

தென்துருவ ஆக்டோபஸ் சொன்ன சாட்சியம்

அண்டார்டிகாவைச் சுற்றியுள்ள கடலடியில் டர்க்கே ஆக்டோபஸ் என்ற சிறிய உயிரினம் வாழ்கிறது. நம் கடற்கரை மீனவர்கள் பேய்க்கணவாய் என்று சொல்லும் வகையைச் சேர்ந்தது. கடல்தரையிலேயே ஊர்ந்து வாழும், நெடுந்தூரம் நீந்தாது. பல கடலுயிர்களின் குஞ்சுகள் நீரோட்டத்தில் மிதந்து தொலைதூரம் போய்ச்சேரும். இதன் குஞ்சுகளோ முட்டையிலிருந்து வெளிவரும்போதே தரையில் ஊரத் தொடங்கிவிடும். இப்படிப்பட்ட விலங்கு ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குப் பரவ வேண்டுமென்றால், இடையில் தொடர்ச்சியான கடல்தரை இருந்தாக வேண்டும். அதனால்தான் இது நிலவியலுக்கு மதிப்புள்ள உயிரினம்.

வெடல் கடல், அமுண்ட்சென் கடல், ராஸ் கடல் மூன்றும் மேற்கு அண்டார்டிகாவின் வெவ்வேறு பக்கங்களில் உள்ளன. அவற்றுக்கு நடுவே அந்தப் பெரும் பனிப்படலம் கிடக்கிறது. ஆஸ்திரேலியாவின் ஜேம்ஸ் குக் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த சாலி லாவ், ஜான் ஸ்ட்ரக்னெல் ஆகியோரும் அவர்களுடைய சகாக்களும் இந்தக் கடல்கள் உட்பட அண்டார்டிகாவைச் சுற்றிப் பிடிபட்ட 96 ஆக்டோபஸ்களின் டி.என்.ஏ.வை ஆராய்ந்தார்கள். முடிவு 2023 டிசம்பரில் 'சயன்ஸ்' இதழில் வெளியானது.

இந்தக் கூட்டங்கள் எப்போதும் பனியால் பிரிக்கப்பட்டே இருந்தன என்றால் டி.என்.ஏ.வில் ஒருவகைத் தடம் இருக்கும். இடையில் ஒருமுறை பனி விலகிக் கடல் திறந்து, கூட்டங்கள் கலந்து, பிறகு மீண்டும் பிரிந்தன என்றால் வேறுவகைத் தடம் இருக்கும். ஆய்வாளர்கள் இரண்டு நிலைமைகளையும் கணினியில் நடத்திப்பார்த்து, எது உண்மைத் தரவோடு பொருந்துகிறது என்று சோதித்தார்கள். பொருந்தியது இரண்டாவது. மூன்று கடல்களின் ஆக்டோபஸ்களும் அந்த வெப்பகாலத்தில் நேரடியாகக் கலந்திருக்கின்றன. அதாவது, இன்று பனி கிடக்கும் இடத்தில் அன்று கடல் ஓடியது. மேற்கு அண்டார்டிகாவின் பனிப்படலம் சரிந்திருந்தது.

இந்த ஆய்வில் பயன்பட்ட மாதிரிகளில் சில 1990களில் சேகரிக்கப்பட்டவை. அவற்றைப் பிடித்தவர்கள் பனிப்படலத்தின் வரலாறு இவற்றில் இருக்கிறது என்று நினைத்திருக்க வாய்ப்பே இல்லை. பிடித்த இடத்தை எழுதிவைத்தார்கள், அருங்காட்சியகங்கள் பாதுகாத்தன. அந்தப் பொறுப்புணர்வுதான் இந்தக் கண்டுபிடிப்பின் அடித்தளம்.

பிரிவு எப்படிப் பதிவாகிறது

மரபணுத்தொகை என்பது ஓர் உயிரினத்தின் முழு டி.என்.ஏ. வரிசை. மனிதருக்கு அதில் ஏறத்தாழ 300 கோடி எழுத்துகள். ஒவ்வொரு தலைமுறையிலும் அது படியெடுக்கப்படும்போது சில எழுத்துகள் மாறிப்போகும். பிறக்கும் ஒவ்வொரு குழந்தையிடமும் பெற்றோரிடம் இல்லாத 60, 70 புதிய மாற்றங்கள் இருக்கும். அவற்றில் பெரும்பாலானவை நன்மையும் செய்யாதவை, தீமையும் செய்யாதவை. உடலுக்கு அவற்றால் எந்த வேறுபாடும் இல்லை என்பதாலேயே அவை இயற்கைத் தேர்வில் சிக்காமல், காலத்தின் போக்கில் சேர்ந்துகொண்டே போகின்றன. இந்த நடுநிலை மாற்றங்களின் முக்கியத்துவத்தை 1968-ல் ஜப்பானிய அறிஞர் மோட்டோ கிமுரா விளக்கினார்.

ஒரே இனத்தைச் சேர்ந்த ஒரு கூட்டத்தின் நடுவே ஒரு மலை எழுகிறது, ஓர் ஆறு திசைமாறி ஓடுகிறது, அல்லது ஒரு கடல் புகுகிறது என்று வைத்துக்கொள்வோம். இரு பக்கத்தவரும் இனி கலப்பதில்லை. இந்தப் பக்கம் தோன்றும் மாற்றம் அந்தப் பக்கம் போகாது. வேறுபாடு ஆண்டுக்கு ஆண்டு வளரும். மீண்டும் வழி திறந்தால் கலப்பும் பதிவாகும். நிலத்தில் நடந்த ஒரு நிகழ்ச்சி இப்படி உயிருக்குள் எழுத்தாகிறது. மலை தேய்ந்த பிறகும், ஆறு வற்றிய பிறகும், அந்த உயிரினத்தின் வழித்தோன்றல்கள் வாழும்வரை அந்த எழுத்தின் பெரும்பகுதி மிஞ்சியிருக்கும்.

ஆனால் மரபணுத்தொகையில் ஆண்டு எழுதப்பட்டிருக்காது. எமில் சுக்கர்காண்டல், லைனஸ் பாலிங் இருவரும் 1962-ல் வெவ்வேறு விலங்குகளின் ஹீமோகுளோபினை ஒப்பிட்டு, மாற்றங்கள் ஏறத்தாழச் சீரான வேகத்தில் சேர்கின்றன என்று கண்டார்கள். இதைத்தான் மூலக்கூறுக் கடிகாரம் என்கிறோம். வேகம் எவ்வளவு என்பதை அந்தக் கடிகாரம் தானாகச் சொல்லாது. எங்கேயாவது ஓரிடத்தில், ஆண்டு தெரிந்த ஒரு நிகழ்ச்சியோடு அதைப் பொருத்தியாக வேண்டும்.

ஆண்டைத் தருவது பாறை. எரிமலைக் குழம்பு உறையும்போது சிர்கான் என்ற மிகச் சிறிய படிகங்கள் உருவாகும். அவை யுரேனியத்தை உள்ளே ஏற்கும். ஈயத்தை ஏறக்குறைய முழுதும் ஒதுக்கும். யுரேனியம்-238 சிதைந்து ஈயமாக மாறும். அதில் பாதி அளவு மாற 447 கோடி ஆண்டுகள் ஆகும். எனவே இன்று ஒரு சிர்கானில் காணப்படும் ஈயம் ஏறத்தாழ முழுவதும் அதற்குள்ளேயே பிறந்தது. இரண்டின் விகிதத்தை அளந்தால் படிகத்தின் வயது கிடைக்கிறது. ஆஸ்திரேலியாவின் ஜாக் ஹில்ஸ் பகுதியில் கிடைத்த சிர்கான்களில் சில ஏறத்தாழ 440 கோடி ஆண்டுகள் பழையவை. உயிரியலில் இவ்வளவு உறுதியான கால அளவை எதுவும் இல்லை. ஆகவே மரபணு ஆய்வாளர் நிலவியலாளரிடம் ஆண்டைக் கடன் வாங்குகிறார்.

பனாமா தந்த பாடம்

அப்படிக் கடன் வாங்கப்பட்ட ஆண்டுகளில் மிகப் புகழ்பெற்றது பனாமா நிலச்சந்தி மூடிய காலம். வட அமெரிக்காவும் தென் அமெரிக்காவும் ஒரு காலத்தில் தனித்தனியாக இருந்தன. பசிபிக் பெருங்கடலின் நீர் இடையே புகுந்து கரீபியக் கடலில் கலந்தது. கடலடி எரிமலைகளும் புவித்தட்டுகளின் மோதலும் நிலத்தை மெல்ல உயர்த்தின. சுமார் 30 லட்சம் ஆண்டுகளுக்கு முன்பு வழி முற்றிலும் அடைபட்டது என்பது நெடுநாள் ஏற்கப்பட்ட கருத்து. நிலத்தில் விலங்குகள் இரு திசையிலும் கடந்தன: ஒட்டகக் குடும்பமும் பூனைக் குடும்பமும் தெற்கே போயின, அர்மடில்லோக்களும் தரைவாழ் ஸ்லாத்துகளும் வடக்கே வந்தன. கடலில் நடந்தது இதற்கு நேர்மாறு. ஒரே இனமாக இருந்தவை இரண்டாகப் பிளவுபட்டன.

நான்சி நோல்டனும் சகாக்களும் நிலச்சந்தியின் இரு பக்கத்திலும் வாழும் அல்ஃபியஸ் வகை இறால்களை ஆராய்ந்தார்கள். ஒரு கொடுக்கைச் சொடுக்கி வெடியோசை எழுப்பும் சிறு இறால்கள் இவை. பசிபிக் பக்கம் ஓர் இனம் இருந்தால் கரீபியப் பக்கம் அதன் நெருங்கிய உறவினம் ஒன்று இருக்கும். 1993-ல் இப்படிப்பட்ட 7 இணைகளைப் பற்றியும் 1998-ல் 15 இணைகளைப் பற்றியும் முடிவுகள் வெளியாயின. நிலம் எல்லா இணைகளையும் ஒரே நாளில் பிரித்திருந்தால் எல்லா இணைகளிலும் வேறுபாடு ஒரே அளவில் இருக்க வேண்டும். அப்படி இல்லை. சில இணைகளில் வேறுபாடு மற்றவற்றைவிடப் பல மடங்கு அதிகம். கரையோரச் சதுப்புநிலக் காடுகளில் வாழும் இறால்களில்தான் மிகக் குறைவு. காரணம் தெளிவு: ஆழ்நீரில் வாழ்பவற்றுக்கு வழி முதலில் அடைபட்டது, கரைச்சேற்றில் வாழ்பவற்றுக்குக் கடைசியில் அடைபட்டது. நிலச்சந்தி ஒரே மூச்சில் எழவில்லை, படிப்படியாக எழுந்தது என்பதை இறால்களின் மரபணுக்கள் காட்டின.

இதில் ஒரு கடுமையான எச்சரிக்கையும் இருந்தது. ஓர் இணை உண்மையில் 90 லட்சம் ஆண்டுகளுக்கு முன்பே பிரிந்திருக்க, நாம் 30 லட்சம் என்று எடுத்துக்கொண்டால், மாற்றத்தின் வேகம் மூன்று மடங்கு கூடுதலாகத் தெரியும். அந்தத் தவறான வேகத்தை வேறோர் உயிரினத்துக்குப் பயன்படுத்தினால் அதன் வயது மூன்றில் ஒரு பங்காகச் சுருங்கிவிடும். ஓரிடத்தில் செய்த பிழை நூறு ஆய்வுகளுக்குப் பரவும்.

2015-ல் விவாதம் சூடுபிடித்தது. கமிலோ மோன்டெஸும் சகாக்களும் வடமேற்குக் கொலம்பியாவின் பழைய ஆற்றுப் படிவுகளில் பனாமா எரிமலைப் பாறைகளின் வயதையொத்த சிர்கான்களைக் கண்டார்கள். அந்தப் படிவுகள் 130 முதல் 150 லட்சம் ஆண்டுகள் பழையவை. அப்படியானால் அப்போதே பனாமாவிலிருந்து தென் அமெரிக்காவுக்கு ஆறு ஓடியிருக்க வேண்டும், நடுவில் கடல் இருந்திருக்க முடியாது என்று அவர்கள் வாதிட்டார்கள். அதே ஆண்டு கிறிஸ்டின் பேக்கனும் சகாக்களும் பல உயிரினங்களின் மரபணுத் தரவையும் புதைபடிவங்களையும் தொகுத்து, நில இணைப்பு நினைத்ததைவிட முன்பே, சிக்கலான முறையில் உருவானது என்றார்கள். 2016-ல் ஆரோன் ஓடியாவும் பல சகாக்களும் பாறை, புதைபடிவம், கடல்நீரின் வேதியியல், மரபணு எல்லாவற்றையும் ஒருசேரப் பரிசீலித்து, முழு அடைப்பு சுமார் 28 லட்சம் ஆண்டுகளுக்கு முன்புதான் என்று மறுத்தார்கள். அதே வயதுள்ள சிர்கான் வேறு மூலத்திலிருந்தும் வந்திருக்கலாம். பறவையும் விதையும் கடலைக் கடக்கும். வழி திறந்திருக்கும்போதே சில கடலினங்கள் பிரிந்திருக்கலாம் என்பவை அவர்களுடைய வாதங்கள்.

யார் பக்கம் எடை கூடுதல் என்பதைவிட, இந்த விவாதம் கற்றுத்தந்த நெறிதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. பனாமா மூடிய ஆண்டை வைத்து வேகம் கணக்கிடப்பட்ட ஒரு மூலக்கூறுக் கடிகாரத்திடம், பனாமா எப்போது மூடியது என்று கேட்கக் கூடாது. பக்கத்துவீட்டுக் கடிகாரத்தைப் பார்த்து நம் வீட்டுக் கடிகாரத்தைத் திருப்பிவைத்துவிட்டு, இரண்டும் ஒரே மணி காட்டுவதால் மணி சரி என்று சொல்வதற்கு ஒப்பானது அது. இரு துறைகளின் சான்றுகள் ஒத்துப்போவதற்கு மதிப்பு உண்டு. ஆனால் அவை ஒன்றையொன்று சாராமல் கிடைத்தவையாக இருக்க வேண்டும்.

அமேசானில் ஒரு பெயர் பிறந்தது

ஆறுகளும் இப்படிப்பட்ட எல்லைகளே. அமேசான் காட்டில் பெரிய ஆறுகளின் எதிரெதிர்க் கரைகளில் வெவ்வேறு குரங்கினங்கள் வாழ்கின்றன என்று ஆல்ஃபிரட் ரஸ்ஸல் வாலஸ் 1852-லேயே எழுதினார். அமேசான் ஆறு இன்றைய வடிவில் ஓடத் தொடங்கியது எப்போது என்பதில் நிலவியலாளர்களுக்குள் கருத்து வேறுபாடு இருக்கிறது: சிலர் ஏறத்தாழ 1 கோடி ஆண்டு என்கிறார்கள், வேறு சிலர் 25 லட்சம் ஆண்டுதான் என்கிறார்கள். கமிலா ரிபாஸும் சகாக்களும் 2012-ல் கோழியளவுள்ள சோஃபியா என்ற பறவைகளை ஆராய்ந்தார்கள். நன்றாகப் பறக்க இயலாத இவை பேராறுகளைக் கடப்பதில்லை. ஆறுகளால் பிரிக்கப்பட்ட இவற்றின் கிளைகள் யாவும் கடந்த 30 லட்சம் ஆண்டுகளுக்குள் பிரிந்தவை என்று தெரிந்தது. ஆற்றமைப்பு இளமையானது என்ற கருத்துக்கு இது வலுச்சேர்த்தது. 2014-ல் பால் பேக்கர், ஷெரிலின் ஃப்ரிட்ஸ், ரிபாஸ் உள்ளிட்டோர், மரபணுத் தரவைக் கொண்டு நிலவியல் கேள்விகளுக்கு விடை தேடும் இந்த முயற்சிக்கு ஜியோஜெனோமிக்ஸ் என்ற பெயரை முன்வைத்தார்கள்.

மேற்குத் தொடர்ச்சி மலையின் சான்றுகள்

இந்த அறிவியலுக்குத் தேவையான எல்லாம் நம் மலைகளிலும் உண்டு. 2003-ல் எஸ்.டி. பிஜுவும் ஃபிராங்கி போசுய்ட்டும் கேரளத்தின் இடுக்கி மாவட்டத்திலிருந்து ஊதாத் தவளையை விவரித்தார்கள். ஆண்டின் பெரும்பகுதி மண்ணுக்குள் வாழ்ந்து, பருவமழையின்போது சில நாட்கள் மட்டும் இனப்பெருக்கத்துக்காக மேலே வரும் தவளை அது. அதன் டி.என்.ஏ. காட்டிய மிக நெருங்கிய உறவு இந்தியாவில் இல்லை. ஏறத்தாழ 3,000 கிலோமீட்டருக்கு அப்பால் சீஷெல்ஸ் தீவுகளில் வாழும் சிறு தவளைகளிடம் இருந்தது. உப்புநீர் தவளையின் தோலுக்கு ஆகாது; இவ்வளவு கடலைக் கடந்திருக்க வழியில்லை. இந்தியாவும் சீஷெல்ஸும் மடகாஸ்கரும் ஒரே நிலப்பரப்பாக இருந்து பிரிந்தவை என்பதை நிலவியல் அறியும். மடகாஸ்கர் சுமார் 8.8 கோடி ஆண்டுகளுக்கு முன்பும், சீஷெல்ஸ் தக்காண எரிமலைகள் பொங்கிய காலத்தை ஒட்டி, சுமார் 6.5 கோடி ஆண்டுகளுக்கு முன்பும் இந்தியாவிடமிருந்து விலகின.

தவளைகளின் இரு கிளைகளும் எப்போது பிரிந்தன என்பதில் ஆய்வுக்கு ஆய்வு ஆண்டு மாறுகிறது. உறவு மட்டும் மாறவில்லை. யாருக்கு யார் நெருக்கம் என்று சொல்வதற்கு மூலக்கூறுக் கடிகாரம் தேவையில்லை. எழுத்துகளின் ஒற்றுமையே போதும். ஆகவே கண்டங்கள் பிரிந்த கதைக்கு இந்த உறவு நிலவியலைச் சாராத சான்றாகிறது. 2017-ல் திருவில்லிபுத்தூர் பக்கத்து மலைச்சரிவிலிருந்து இதே பேரினத்தின் இன்னோர் இனம் விவரிக்கப்பட்டு, மறைந்த ஊர்வன ஆய்வாளர் பூபதியின் பெயர் அதற்குச் சூட்டப்பட்டது.

பாலக்காட்டுக் கணவாய் இன்னும் ஒரு நுட்பத்தைக் கற்றுத்தருகிறது. வடக்கே 2,637 மீட்டர் உயரத் தொட்டபெட்டா நிற்கும் நீலகிரி; தெற்கே 2,695 மீட்டர் உயர ஆனைமுடி நிற்கும் ஆனைமலைத் தொடர். நடுவே 30, 40 கிலோமீட்டர் அகலத்தில் தாழ்ந்த நிலம். நீலகிரி யானைகளும் ஆனைமலை, பெரியாறு பகுதி யானைகளும் மரபணுவில் வேறுபடுகின்றன என்று டி.என்.சி. வித்யா, ராமன் சுகுமார் முதலியோர் 2005-ல் காட்டினார்கள். சோலைக்காடுகளில் மட்டும் வாழும் சோலைக்கிளிச் சிறுபறவைகளும் கணவாயின் இரு பக்கத்தில் இரு வேறு இனங்கள் என்பது வி.வி. ராபின், உமா ராமகிருஷ்ணன் உள்ளிட்டோரின் ஆய்வுகளில் உறுதியானது.

கணவாயின் அடியில் உள்ள பாறைப் பிளவு 50 கோடி ஆண்டுகளுக்கும் பழையது. பறவைகளின் பிரிவோ சில பத்து லட்சம் ஆண்டுகளுக்கு உட்பட்டது. இவ்வளவு வேறுபாடு ஏன்? பள்ளம் இருப்பது மட்டும் தடையாகிவிடாது. தட்பவெப்பம் குளிர்ந்து ஈரமாக இருந்த காலங்களில் சோலை கீழே இறங்கி வந்திருக்கலாம். வறண்டபோது அது மலையுச்சிக்கு ஒதுங்கியிருக்கும். பள்ளம் யாருக்கு எப்போது தடை என்பதை நிலமும் தட்பவெப்பமும் அந்த உயிரினத்தின் இயல்பும் சேர்ந்தே தீர்மானிக்கின்றன. பாறையின் வயதை அப்படியே எடுத்து உயிரின் பிரிவுக்கு வயதாக வைத்துவிட்டால் கோடிக்கணக்கான ஆண்டுகள் தவறிப்போவோம்.

இரண்டையும் படித்தவர்கள் தேவை

பாறைக்கு ஆண்டு தெரியும். ஆனால் பனியும் ஆறும் மழையும் அதன் பக்கங்களை அழித்துக்கொண்டே இருக்கின்றன. மரபணுத்தொகைக்கு யார் யாரோடு கலந்தார்கள், யார் பிரிந்தார்கள் என்பது தெரியும். ஆனால் அதற்கு ஆண்டு தெரியாது, அழிந்துபோன இனங்களின் பெரும்பகுதி அதில் இல்லை. இரண்டின் குறைகளும் வெவ்வேறானவை என்பதால்தான் இரண்டும் சேரும்போது பயன் விளைகிறது.

நம் கல்லூரிகளில் நிலவியல் படிக்கும் மாணவர் மரபியல் வகுப்புக்குள் நுழைவதில்லை. மரபியல் படிப்பவர் பாறையைக் கையில் எடுத்ததில்லை. மேற்குத் தொடர்ச்சி மலை, தக்காண எரிமலைப் பாறைகள், காவிரி, தாமிரபரணி ஆகியவற்றின் வரலாற்றை எழுத இந்த இருவரும் ஒரே களத்தில் நிற்க வேண்டும். இதைப் படிக்கும் மாணவர்களே, நீங்கள் எந்தத் துறையில் இருந்தாலும், அடுத்த துறையின் அடிப்படைப் பாடத்தை ஓராண்டாவது முறையாகப் படித்துவிடுங்கள். நாளைய கேள்விகளுக்கு அந்த ஓராண்டு உங்களைத் தயார்செய்யும்.